கணக்கு சாருக்கு ஒரு கோ

"ஒன்பதாம் வகுப்புல ஒருத்தனும் வாயே திறக்க மாட்டேங்கிறான். ஏன் டீச்சர்?"

கேட்டவர் கணக்கு சார் சிவக்கொழுந்து. ஓய்வு பெறப் போகிற வயது. கேட்டது விளையாட்டு டீச்சர் ரோஸ்லினிடம். அவருக்கு சாரின் மகள் வயது.

வேறு வழியில்லை. வகுப்பு இப்படியே ஊமையாக இருந்தால் வேறு ஆளிடம் கொடுத்துவிடுவேன் என்று தலைமையாசிரியர் காலையில்தான் சொல்லியிருந்தார். அந்த வகுப்பு போனால் சாருக்குச் சோறு இறங்காது.

பீரியடைப் பிடுங்கினவர் பறிகொடுத்தவங்ககிட்டயே வந்து நிக்கிறாரே என்று தமிழ் ஐயா வடையைப் பிட்டபடி முனகினார். பொய்யில்லை. பரீட்சை வந்தால் ரோஸ்லினின் பீரியடெல்லாம் கணக்குக்குத்தான் போகும்.

"வகுப்புல யாரைக் கேள்வி கேப்பீங்க சார்?"

"முன்பெஞ்சு நாலு பேரை. மத்ததுங்க எந்திரிக்கிறதுக்குள்ள பெல் அடிச்சிடும். போர்ஷன் முடியணும்ல?"

ரோஸ்லின் நாளைக்குக் கணக்குப் பீரியடைக் கடன் கேட்டார்.

அந்தப் பள்ளியில் அப்படி யாரும் கேட்டதில்லை. தமிழ் ஐயா வடையைக் கீழே வைத்தார்.

மறுநாள் மைதானத்தில் கோ-கோ. சாரும் வரிசையில் குந்தினார். துரத்துகிறவர் முதுகில் தட்டி 'கோ' சொன்னால்தான் எழுந்து ஓடலாம். அதுவரை குந்தியிருக்க வேண்டும்.

குந்தியிருந்தார். இந்தப் பக்கத்துப் பிள்ளை எழுந்து ஓடியது. அந்தப் பக்கத்துப் பிள்ளையும் ஓடியது. இவர் முதுகை யாரும் தொடவில்லை. முழங்கால் கெஞ்சியது.

"எனக்கும் ஒரு கோ குடுங்கப்பா."

"கேட்டு வாங்கக் கூடாது சார். உட்காருங்க" என்றார் ரோஸ்லின்.

முன்பெஞ்சு தினகரன் மூச்சிரைக்க உண்மையைச் சொல்லிவிட்டான். "நீங்க எந்திரிக்கிறதுக்குள்ள பெல் அடிச்சிடும் சார்."

சார் முழங்காலைத் தடவிக்கொண்டார்.

துரத்துகிற முறை செங்கனிக்கு வந்தது. கடைசி பெஞ்சு. வகுப்பில் அவள் குரல் எப்படியிருக்கும் என்றே சாருக்குத் தெரியாது. நேரே வந்தாள். முதுகில் பளாரென்று ஒரு தட்டு.

"கோ!"

கையூன்றி எழுந்தார். ஓடினார். செருப்பு ஒரு பக்கம் போயிற்று. ஒருவனையும் பிடிக்கவில்லை. அணி தோற்றது. மைதானமே சிரித்தது. சாரும்தான்.

அடுத்த நாள். கரும்பலகையில் ஒரு கணக்கு. முன்பெஞ்சில் நாலு கை உயர்ந்தது.

சார் அவற்றைத் தாண்டி நடந்தார். கடைசி பெஞ்சுக்குப் பின்னால் போய் நின்றார். செங்கனியின் தோளுக்கு மேலாகச் சாக்பீஸை நீட்டினார்.

"கோ" என்றார், மெதுவாக.