அடைப்புக்குறிக்கு முன்னால்

மடம் என்றதும் கோபுரம், குளம் என்று கற்பனை செய்ய வேண்டாம். ஜவ்வாது மலை அடிவாரத்தில் மூன்று ஓட்டு அறை, ஒரு கிணறு, ஒரு கரும்பலகை. அவ்வளவுதான்.

கரும்பலகை எதற்கு என்றால், மடத்துச் சாமி முன்பு கணக்கு வாத்தியார். காவி கட்டிய பிறகும் சாக்பீஸை விடவில்லை. மாலையில் ஊர்ப் பிள்ளைகள் வருவார்கள், சொல்லிக் கொடுப்பார். துறவு கேட்டு வருகிறவர்களும் அந்த வகுப்பில்தான் உட்கார வேண்டும். எட்டாம் வகுப்பு இயற்கணிதத்தில் ஒரு கோவையைப் பிழையில்லாமல் சுருக்கிக் காட்டினால் காவி. இல்லையென்றால் இல்லை.

இது என்ன சட்டம் என்று கேட்டவர்களுக்கெல்லாம் ஒரே பதில்.

“நாலு உறுப்பைச் சுருக்கத் தெரியாதவன் வாழ்க்கையைச் சுருக்க வந்துட்டானாக்கும்.”

பாதிப் பேர் அதைக் கேட்டதுமே பஸ் ஏறிவிடுவார்கள்.

பிச்சாண்டி ஏறவில்லை. வயது ஐம்பத்து நான்கு, சாமியைவிட இரண்டு வயது மூத்தவர். செங்கத்தில் மோட்டாருக்குக் கம்பி சுற்றிக் காயில் கட்டும் கடை வைத்திருந்தார். மகளைக் கட்டிக் கொடுத்த மறுமாதம் கடைச் சாவியை ஆணியில் மாட்டிவிட்டு மடத்துக்கு வந்துவிட்டார். வீட்டில் அம்மா, மனைவி, கல்யாணமாகாத தம்பி.

நான்கு மாதம் போனது. ஒத்த உறுப்புகளைச் சேர்க்க வந்தது. x-ஐயும் y-ஐயும் கூட்டி ஒன்றாக்கும் கெட்ட பழக்கம் போனது. அடைப்புக்குறியிடம்தான் மாட்டிக்கொண்டார்.

சாமி பலகையில் எழுதுவார்:

9x − (4x + 3y − 2)

பிச்சாண்டி கீழே எழுதுவார்:

5x + 3y − 2

வெளியே நிற்கும் மைனஸை, அடைப்புக்குள் முதலில் நிற்கும் 4x-க்கு மட்டும் கொடுப்பார். பின்னால் நிற்பவை அப்படியே கீழே இறங்கிவிடும். பிள்ளைகள் சிரிப்பார்கள். சாமி சிரிக்க மாட்டார். அழித்துவிட்டு வேறு எண் போட்டு எழுதுவார். எண் மாறும், தப்பு மாறாது.

மடத்தில் காவி கொடுப்பது வருஷத்துக்கு ஒரு நாள், ஆவணிப் பௌர்ணமியன்று. தவறினால் அடுத்த ஆவணிதான். துணிக்குச் சாயம் ஏற்றி, காயவைத்து, மடித்துப் பலகைக்குக் கீழே வைத்தாயிற்று. பௌர்ணமியன்று காலையில் பிச்சாண்டி அந்தத் துணியைப் பார்த்துக்கொண்டே, அந்த முதல் கணக்கையே மறுபடியும் தப்பாகப் போட்டார்.

“மைனஸ் ஏன் சாமி எல்லாத்துக்கும் போகணும்? பக்கத்துல நிக்கிறது ஒண்ணுதானே?” என்றார்.

சாமி சாக்பீஸைக் கீழே வைத்தார்.

“காயிலுக்கு ரெண்டு முனை. அதை மாத்திக் குடுத்தா என்ன ஆகும்?”

“கரண்ட் திரும்பி ஓடும்.”

“முதல் சுத்துல மட்டுமா?”

“அதெப்படி? எல்லாச் சுத்துலயும்தான். ஒரே கம்பி சாமி.”

சாமி பலகையைக் காட்டினார்.

பிச்சாண்டி எழுந்து போனார். பழையதை அழித்தார். மெதுவாக எழுதினார்.

5x − 3y + 2

மைனஸ் இரண்டு எப்படிப் பிளஸ் இரண்டு ஆனது என்று சாமி கேட்டார். அதுவும் அடைப்புக்குள்தானே இருந்தது, திரும்பிவிட்டது என்றார் பிச்சாண்டி. சாமி தலையை ஆட்டினார். குளித்துவிட்டு வந்து துணியை எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

கிணற்றடியிலிருந்து ஈரத்தோடு வந்தபோது, பலகைக்கு முன்னால் ஒரு பெண் நின்றிருந்தாள். மனைவி தனபாக்கியம்.

கூப்பிட்டுப் போக வரவில்லை என்று முதலிலேயே சொல்லிவிட்டாள். ரேஷன் கார்டு விஷயம். வீட்டில் இல்லாத ஆளின் பெயரை எடுத்துவிட்டு, அவளைக் குடும்பத் தலைவியாகப் போட்டு எழுதித் தரச் சொல்லியிருந்தார்கள். போன மாதம் தெரிந்தவர் ஒருவரிடம் படிவத்தைக் கொடுத்தனுப்பினாள். பிச்சாண்டியும் எழுதி அனுப்பினார். அலுவலகத்தில் அதைத் திருப்பிவிட்டார்கள்.

சாமி படிவத்தை வாங்கிப் பார்த்தார். பழைய கார்டில் இருந்ததைப் பார்த்து எழுதியிருந்தார் பிச்சாண்டி. தலைவர் என்ற இடத்தில் தன் பெயரை விட்டுவிட்டு தனபாக்கியம் என்று போட்டிருந்தார். அதற்குக் கீழே எதுவும் மாறவில்லை. சின்னம்மாள், தாய். ஏகாம்பரம், தம்பி.

“கவுன்ட்டர்ல இருந்த ஆளு என்ன கேட்டான் தெரியுமா சாமி?” என்றாள் தனபாக்கியம். “இவங்க உங்க அம்மா, இவரு உங்க தம்பி. அப்ப நீங்க எடுக்கச் சொல்ற பிச்சாண்டி உங்களுக்கு அண்ணனாம்மான்னான். வரிசையே சிரிச்சுது. முப்பது வருஷம் சமைச்சுப் போட்டதுக்கு என்னைத் தங்கச்சி ஆக்கி அனுப்பியிருக்கார்.”

சாமி அன்றைக்குத்தான் சிரித்தார். அதுவும் சின்னதாக. படிவத்தைப் பிச்சாண்டியிடம் நீட்டினார்.

“பழைய தப்பு. திருத்து.”

தனபாக்கியம் புதுப் படிவம் ஒன்று கொண்டுவந்திருந்தாள். பிச்சாண்டி தரையில் உட்கார்ந்து எழுதினார். சின்னம்மாள் என்று எழுதிவிட்டுப் பக்கத்தில் மாமியார் என்று எழுதினார். அம்மாவின் பெயருக்கு நேரே அந்தச் சொல்லை எழுதியது அதுதான் முதல் தடவை. ஒரு எழுத்து கோணலாக விழுந்தது. அடுத்து ஏகாம்பரம், கொழுந்தன்.

எழுதிக்கொண்டே வீட்டில் எல்லோரும் எப்படி என்று கேட்டார். அவள் சுருக்கமாகச் சொன்னாள். தம்பி சீட்டாட்டத்தை விட்டுவிட்டான். கடையைத் திறந்து வைத்து காயில் கட்டுகிறான், அண்ணனைவிடச் சுத்தமாகக் கட்டுகிறான் என்று பேச்சு. அவளும் கடையில் உட்காருகிறாள். அத்தைதான் பேசுவதை விட்டுவிட்டாள். முன்பெல்லாம் குழம்பில் உப்புக்குச் சண்டை, புளிக்குச் சண்டை. இப்போது எதைப் போட்டாலும் சாப்பிட்டுவிட்டுத் தட்டைத் தானே கழுவி வைக்கிறாள்.

“எங்கிட்ட வேலை சொல்ல பயப்படுறாங்க. விருந்தாளி மாதிரி இருக்காங்க” என்றாள்.



அவள் இன்னொன்றும் சொன்னாள். கவுன்ட்டர்காரன் நல்லவன்தான், ஒரு யோசனை சொல்லியனுப்பினான். அத்தை வயதானவர், தனி ஆள், அவருக்குத் தனிக் கார்டு போட்டுவிடலாம். மகனே இல்லாத வீட்டில் மாமியாரை உங்கள் பெயருக்குக் கீழே ஏன் எழுதுகிறீர்கள் என்று கேட்டானாம். அவள் பதில் சொல்லாமல் வந்துவிட்டாள். சாயங்காலத்துக்குள் படிவத்தைக் கொடுக்க வேண்டும்.

“அத்தை என் பேருக்குக் கீழயா, தனியாவா? அதை நீங்க சொல்லுங்க. அதுக்குத்தான் நானே வந்தேன்.”

அது அவள் விருப்பம் என்றார் பிச்சாண்டி. எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்த ஆள் இதில் தலையிடக் கூடாது என்றார். இந்தப் பேச்சை முன்பே தயார் பண்ணி வைத்திருந்தவர் மாதிரி வேகமாகச் சொன்னார்.

“என் விருப்பத்தைக் கேட்டுக்கிட்டா இங்க வந்தீங்க?” என்றாள் தனபாக்கியம். குரலை உயர்த்தவில்லை. “நான் அவங்கள விடமாட்டேன். அது எனக்குத் தெரியும். அவங்களுக்குத் தெரியலையே. பொழுது விடிஞ்சா எம் முகத்தைப் பார்த்துப் பார்த்துத்தான் காபி குடிக்கிறாங்க. நான் என்ன எழுதினாலும், எழுதினது மருமகதானேன்னு இருக்கும்.”

பிச்சாண்டி எழுந்தார். காவித் துணி இருந்த இடம் வரை போனார். குனிந்தார். எடுக்கவில்லை. அங்கிருந்தே திரும்பிக் கேட்டார்.

“நான் ஒருத்தன்தானே சாமி மைனஸ் ஆனேன்? வீட்ல இருக்கிறவங்களுக்கு ஏன் மாறணும்?”

சாமி பலகையைத் துடைத்துக்கொண்டிருந்தார். மாலை வகுப்புக்கு இடம் வேண்டும். துடைத்து முடித்துவிட்டுத்தான் திரும்பினார்.

“நீ எங்கய்யா மைனஸ் ஆன? அடைப்புக்கு முன்னால விழுந்த மைனஸே நீதான்.”