மகாராஜா இல்லாத புத்தகம்

குவலயமாறன் என்று ஒரு ராஜா. கடலோரத்தில் சின்ன ராஜ்யம்தான், மீசை மட்டும் பெரிது. அவருடைய அரண்மனைக்குள் ஒரு நூல் நுழைய வேண்டுமென்றால் முதல் பாட்டில் அவரைப் புகழ்ந்திருக்க வேண்டும். மாட்டுக்கு மருந்து சொல்கிற சுவடியானாலும் சரி, முதலில் ராஜா, அப்புறம்தான் மாடு. இப்படியே கேட்டுக் கேட்டு, உலகத்தில் எழுதுகிற எல்லாமே தன்னைப் பற்றித்தான் என்று மனிதருக்கு ஒரு நினைப்பு வந்துவிட்டது.

அந்தத் துறைமுகத்தில் தியோதோரன் என்ற யவனத் துறவி வந்து இறங்கினார். வழியில் வேறொரு துறையில் கப்பலுக்குக் காற்று வாய்க்காமல் மாதக்கணக்கில் காத்துக் கிடந்ததில், மீன் விற்கிற பெண்களிடம் தமிழ் கற்றுக்கொண்டவர். அவர் மடியிலேயே வைத்திருந்தது ஒரு கிறிஸ்தவ வேதப் புத்தகம். யவன எழுத்து, பக்கத்துக்குப் பக்கம் பொன் பூசிய படம். தெற்கே ஒரு துறையில் குடியேறியிருந்த யவனர்களின் கோயிலுக்கு அது போக வேண்டும். அங்கிருந்த பழைய புத்தகத்தைக் கறையான் தின்றுவிட்டது. பத்திரமாகக் கொண்டு சேர்ப்பதாகத் தன் குருவின் கையில் அடித்துச் சத்தியம் செய்துவிட்டு வந்திருந்தார்.

சுங்கக்காரர்கள் பொன்னைப் பார்த்தார்கள். புத்தகம் நேரே சபைக்குப் போனது.

ராஜா ஆசையாகப் புரட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டார். "இதில் நான் எங்கே வருகிறேன்?"

துறவி வாயைத் திறப்பதற்குள் வைத்தமாநிதிப் பண்டிதர் எழுந்துவிட்டார். ஐம்பத்தாறு தேசத்து மொழியும் தெரியும் என்று சொல்லிக்கொண்டு அரண்மனையில் சாப்பிடுகிறவர். ஆசாரத்தில் பயங்கரக் கெடுபிடி. தோல் தீட்டு என்று செருப்பே போட மாட்டார், மரக்குறடுதான். அவர் நடந்து வந்தால் மூன்று தெருவுக்குக் கேட்கும்.

பண்டிதர் புத்தகத்தைக் கண்ணில் ஒற்றினார். தலையில் தூக்கி வைத்துக்கொண்டார். பிறகு விரலை நாக்கில் தொட்டுத் தொட்டுப் பக்கம் புரட்டினார். "எல்லாப் பக்கத்திலும் தாங்கள்தான், மகாராஜா. 'குவலயமாறனே, உன் மீசையைக் கண்டு சூரியன் கூசுகிறான்' என்று ஆரம்பிக்கிறது."

"அட," என்றார் ராஜா.

"ஐயையோ, பொய்யிங்க சாமி," என்றார் துறவி. "மீசையே கிடையாதுங்க இதுல."

"அவருக்குத் தெரிந்தது கொச்சை யவனம்," என்றார் பண்டிதர். "இது செந்தமிழ் மாதிரி, உயர்ந்த யவனம். புத்தகம் இங்கேயே இருக்கட்டும். தினமும் ஒரு பக்கம் வாசித்து அடியேன் பொருள் சொல்கிறேன்."

அதாவது, ஆயுள் முழுக்க அரண்மனைச் சாப்பாடு.

துறவி அழாத குறையாக, சபையில் விகடம் பேசுகிற சேந்தனிடம் ஓடினார். "குரு முகத்துல எப்படி முழிப்பேன் ஐயா?"

சேந்தன் கேட்டது ஒன்றுதான். "இது என்ன ஓலை? இவ்வளவு வழவழப்பாக இருக்கிறதே."

துறவி சொன்னார். சேந்தன் வெகுநேரம் சிரித்தான்.

மறுநாள் சபையில் சேந்தன் கைகட்டி நின்றான். "பண்டிதரே, புத்தகம் முழுவதையும் படித்தீர்களா?"

"ஒரு எழுத்து விடவில்லை."

"கடைசிப் பக்கம்?"

"மனப்பாடம்."

"துறவியாரே, கடைசிப் பக்கத்தில் என்ன இருக்கிறது?"

"எழுதினவரு புலம்பலுங்க. 'முதுகு ஒடிஞ்சு எழுதினேன். ஒரு கன்றுக்குட்டி மந்தையே இந்தப் புத்தகத்துக்குத் தோல் குடுத்துது'ன்னு எழுதியிருக்கு."

ராஜா ஒரு பக்கத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். மயிர்க்கால் புள்ளி புள்ளியாகத் தெரிந்தது. ஓர் ஓரத்தில் மழிக்காமல் விட்ட மயிரே இரண்டு நீட்டிக்கொண்டிருந்தது.

"மகாராஜா," என்றான் சேந்தன், "பண்டிதர் தோலைக் காலில்கூடப் போடாதவர். நேற்று தலையில் வைத்தார், நாக்கிலும் தொட்டார். தெரிந்தே செய்தார் என்றால் நேற்றே ஆசாரம் போயிற்று. தெரியாமல் செய்தார் என்றால் படிக்கத் தெரியாது. எது என்று அவரே சொல்லட்டும்."

பண்டிதர் நாக்கை மேல்துண்டால் துடைத்துக்கொண்டே இருந்தார். "எனக்கு யவனம் தெரியாது, மகாராஜா," என்று சொல்லிவிட்டுக் குளத்தைப் பார்த்து ஓடினார். மரக்குறட்டை மாட்டிக்கொள்ளக்கூட நிற்கவில்லை.

ராஜா வயிறு குலுங்கச் சிரித்தார். சிரித்து முடித்ததும் முகம் வாடிப்போயிற்று. "அப்போது நான் இதில் இல்லவே இல்லையா? போகட்டும், படம் நன்றாயிருக்கிறது. புத்தகம் இங்கேயே இருக்கட்டும்."

துறவிக்கு உயிரே போய்விட்டது. சேந்தன் மெல்லக் கேட்டான். "துறவியாரே, வேறு ராஜாக்கள் யாராவது இதில் உண்டா?"

"இருக்காங்களே. ஒருத்தரு நாற்காலி போயிடுமேன்னு ஊரிலிருக்கிற பச்சைக் குழந்தைகளை வெட்டச் சொன்னாரு. அவரு மகன் ஒருத்தரு, ஒரு பொண்ணு ஆடின ஆட்டத்துல மயங்கி, அது கேட்டுதுன்னு ஒரு மகானோட தலையை வெட்டித் தட்டுல வச்சுக் குடுத்தாரு."

ராஜாவின் கை மீசையிலிருந்து இறங்கிவிட்டது.

"நம் அரண்மனை நூல் என்றால் அதில் தாங்கள் இருப்பீர்கள் என்பது ஊருக்கே தெரியும்," என்றான் சேந்தன். "வருகிறவர்கள் எல்லாம் இதிலும் தேடுவார்கள். அகப்படுகிற ராஜாக்கள் இவர்கள்தான். இரண்டு பேரில் தாங்கள் யார் என்று கேட்டால் நான் யாரைக் காட்டட்டும்?"

"இன்றைக்கே கப்பலில் ஏற்று," என்றார் ராஜா. சேந்தன் தோளில் ஒரு பட்டுச் சால்வையையும் போட்டார்.

துறவி புத்தகத்தை மார்போடு அணைத்துக்கொண்டு வாசல்வரை போய்விட்டார். ராஜா சிம்மாசனத்தை விட்டு இறங்கி, வேகமாகப் பின்னாலேயே போய், அவர் காதோடு கேட்டார்.

"அந்தப் பெண் அப்படி என்னதான் ஆடினாள்?"

"அது எழுதலைங்க, மகாராஜா."

"பார்த்தாயா," என்றார் ராஜா, "முதலில் என்னை விட்டார்கள், இப்போது இதையும் விட்டிருக்கிறார்கள்."