பேச்சியம்மாள் பிரித்த பை

மலையடிவாரத்து மடத்தின் அம்மைக்கு நாற்பத்தாறு வயது. அவருடைய சீடர் ஆவுடையப்பனுக்கு அறுபத்திரண்டு. தாசில்தாராக இருந்து ஓய்வு பெற்றவர். மனைவி இறந்தபின் மடமே கதி என்று வந்தவர். அடுப்படிப் பொறுப்பை அம்மை அவரிடம் விட்டிருந்தார்.

தினமும் நூறு பேர் சாப்பிடும் இடம். எச்சில் இலை, மிஞ்சிய சோறு, காய்த்தோல் எல்லாம் பின்கட்டு உரக்குழிக்குப் போக வேண்டும். கண்ணாடி, தகரம், பிளாஸ்டிக் தனிச் சாக்கில் சேர வேண்டும். முதல் நாளே அம்மை சொல்லியிருந்தார்.

ஆவுடையப்பன் பத்து நாள் செய்தார். அப்புறம் அலுத்துவிட்டது. எல்லாவற்றையும் ஒரே கறுப்புப் பையில் கொட்டி, வாயை இறுக்கிக் கட்டி வாசலில் வைத்துவிடுவார். காலையில் பஞ்சாயத்துத் தள்ளுவண்டியோடு பேச்சியம்மாள் வந்து எடுத்துப் போவாள்.

ஒருநாள் ஊறுகாய் பாட்டில் கைதவறி உடைந்தது. சில்லுகளைக் கூட்டி அள்ளினார். சாக்கு பின்கட்டில் இருந்தது. பை காலடியில் இருந்தது. பையிலேயே போட்டார். மேலே புளித்த சோற்றைக் கொட்டினார்.

குப்பைக் கிடங்கில் மக்குவதை வேறாகப் பிரிப்பது பேச்சியம்மாளின் வேலை. கொடுத்த கையுறை எப்போதோ கிழிந்துபோயிருந்தது. சோற்றுக்குள் வெறுங்கையை விட்டாள்.

வெட்டுப்பட்ட விரல்களில் துணியைச் சுற்றிக்கொண்டு நாலு நாள் வேலை பார்த்தாள். சர்க்கரை உள்ள உடம்பு. புண் கறுத்தது. ஆஸ்பத்திரியில் வலது கையில் இரண்டு விரல்களை எடுத்தார்கள்.

சேதி வந்த அன்று ஆவுடையப்பன் சாப்பிடவில்லை. அம்மையின் முன்னால் வந்து உட்கார்ந்தார்.

"அம்மா, தெரியாம செஞ்சதும் பாவமா?"

அம்மை எழுந்து போனார். அன்று காலை ஆவுடையப்பன் கட்டி வைத்திருந்த பையை வாசலிலிருந்து தூக்கி வந்து அவர் முன்னால் வைத்தார்.

"பிரிங்க. சோறு வேற, மத்தது வேற."

முடிச்சை அவிழ்த்தார். புளித்த வாடை முகத்தில் அடித்தது. பைக்குள் போன கை பாதியில் நின்றது. சுற்றுமுற்றும் பார்த்தார்.

"என்ன தேடுறீங்க?"

"ஒரு குச்சி."

"எதுக்கு?"

"உள்ள என்ன கெடக்கோ..."

சொன்னது அவர் காதிலேயே விழுந்தது.

"அப்ப, தெரியும்" என்றார் அம்மை.

அன்றிலிருந்து ஆவுடையப்பன் ஒரு காய்த்தோலைக்கூடப் பைக்குள் விடவில்லை. குழியைக் கிளறினார், சாணி கரைத்து ஊற்றினார், இலை நரம்பு வரை மக்கியதா என்று கையால் பிசைந்து பார்த்தார். ஆறு மாதம் போனது.

"இவ்வளவு செஞ்சும் மனசு அடங்கலையே அம்மா."

"எங்கிட்ட ஏன் சொல்றீங்க?"

மறுநாள் அவர் பேச்சியம்மாள் வீட்டுக்குப் போனார். வண்டி தள்ளக் கை வலு இல்லை என்று அவள் வேலைக்கு வேறு ஆள் போட்டிருந்தார்கள். வாசலில் குந்தி, ஏதோ ஓட்டலுக்காக இடது கையால் சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். அவரைக் கண்டதும் பதறி எழுந்தாள். உள்ளேயிருந்து நாற்காலியைக் கொண்டுவந்து, முந்தானையால் துடைத்துப் போட்டாள். வலது கையை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டாள்.

"பையில கண்ணாடியப் போட்டது நான்தாம்மா."

"மடத்துப் பைன்னு அன்னைக்கே தெரியும் சாமி."

"யார்கிட்டயும் சொல்லலையே?"

"சொன்னா யாரு கேப்பா?"

ஆவுடையப்பன் கையெடுத்துக் கும்பிட்டார்.

"என்னை மன்னிச்சிரு."

"ஐயோ, எதுக்கு சாமி கும்பிட்டுக்கிட்டு! மன்னிச்சாச்சு, மன்னிச்சாச்சு. மனசுல ஒண்ணும் வச்சிக்கிடாதீய. காப்பி போடட்டுமா?"

திரும்பி வரும்போது நடையில் பாரம் குறைந்திருந்தது. ஆற்றில் முழுகி, ஈரத் துண்டோடு நேரே அம்மையிடம் வந்தார்.

"மன்னிச்சிட்டா அம்மா. ஒரு வார்த்தைதான் கேட்டேன். உடனே சொல்லிட்டா."

"வாசல்லயா பேசினீங்க?"

"ஆமா. நாற்காலியத் தொடைச்சுப் போட்டா."

"நீங்க உக்காந்தீங்க."

"உக்காந்தேன்."

"அவ?"

ஆவுடையப்பன் யோசித்தார். துண்டிலிருந்து தண்ணீர் சொட்டியது.

"நின்னா."

அம்மை அவரை நிமிர்ந்து பார்த்தார்.

"நின்னுகிட்டா மன்னிச்சா?"