இருவாச்சி வராத இரண்டு நாள்

கருத்தபாண்டிக்கு ஐம்பத்தாறு வயது. காட்டு விலங்குகளைப் படமெடுப்பவர்களுக்கு இருபது வருடம் ஜீப் ஓட்டியவர். கேமராவும் பழகிக்கொண்டார். அவர் எடுத்த யானைக் காட்சிக்கு வேறொருவன் தன் பேரைப் போட்டுக்கொண்டான். அவனை அவர் மறக்கவில்லை. மறப்பதாகவும் இல்லை.

தன்னைவிடப் பதினைந்து வயது இளையவரான டைரக்டர் சொர்ணவல்லியிடம் போய், "தொழில் சொல்லிக்கொடுங்கம்மா" என்று நின்றார்.

"இந்த இருவாச்சிப் பறவைக் கூட்டை நீங்களே படமெடுங்கண்ணே. உங்க பேரையே போடுறேன்" என்றார் சொர்ணவல்லி.

பெண் இருவாச்சி மரப்பொந்துக்குள் போய் வாசலைப் பூசி மூடிக்கொள்ளும். ஒரு கீறல்தான் மிச்சம். ஆண் பறவை அதன் வழியாக ஊட்டும் அத்திப்பழம்தான் உள்ளே தாய்க்கும் குஞ்சுக்கும் உயிர்.

கருத்தபாண்டி மரத்துக்கு முப்பதடியில் மூங்கிலும் தழையும் வைத்து மறைப்புக் கட்டி உட்கார்ந்தார். ஆண் பறவை தூரத்துக் கிளைவரை வந்தது. பார்த்தது. போய்விட்டது. இரண்டு நாளும் அப்படியே.

"எப்பம்மா இது பழகும்?"

சொர்ணவல்லி மறைப்பைவிட்டு வெளியே வந்தார். மறைப்பின் வாசலை வெளியிலிருந்து கயிற்றால் கட்டினார். கருத்தபாண்டியின் சோற்றுத் தூக்குச்சட்டியை எடுத்துக்கொண்டு, சரிவில் தள்ளியிருந்த பாறையில் போய் உட்கார்ந்தார்.

மணி ஒன்றானது. மூன்றும் ஆனது.

"அம்மா, பசிக்குது."

"கொண்டுவரத்தான் நினைக்கிறேன்."

"அப்புறம் என்ன?"

"அங்கேருந்து ஒரு பெரிய கண்ணு என்னையே பார்க்குதேண்ணே."

உண்மைதான். கருத்தபாண்டி லென்ஸைத் திருப்பித் தூக்குச்சட்டியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குக் கோபம் வந்தது.

"நான் நகரமாட்டேன்மா."

"நகராதீங்க. நானும் நகரல."

லென்ஸ் மெல்லப் பொந்தின் பக்கம் திரும்பியது.

"கயித்தை அவிழுங்க" என்றார் கருத்தபாண்டி.

வெளியே வந்தவர் தூக்குச்சட்டியைத் தொடவில்லை. மூங்கிலைப் பிடுங்க ஆரம்பித்தார்.

"சாப்பிட்டுட்டுப் பிரிக்கலாமே."

"அது ரெண்டு நாளாச் சாப்பிடலம்மா."

எல்லாவற்றையும் சுமந்துகொண்டு ஓடையைத் தாண்டி எதிர்மேட்டுக்குப் போனார்கள். கருத்தபாண்டி கேமராவை அங்கே நிறுத்தினார். வெயில் இறங்கும் நேரத்தில் ஆண் பறவை வந்தது. கிளையில் நிற்காமல் நேரே பொந்துக்குப் போனது.

"படத்துல கடுகு மாதிரி தெரியுதேம்மா. என் யானைக் காட்சியைத் திருடினவன் பார்த்தாச் சிரிப்பான்."

"சிரிக்கட்டும். பழம் உள்ளே போச்சா?"

"போச்சும்மா" என்ற கருத்தபாண்டி கேமராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.