கோணையேந்தல் மண் தேறிய கதை

டொக், டொக், டொக் என்று ஊருக்குள்ளிருந்து சத்தம் வந்தது. இடுப்புக் குடத்தோடு ஓடைக்கரை திரும்புவதற்கு முன்பே காத்தாயிக்குக் கேட்டுவிட்டது. மரங்கொத்தியாக இருக்க முடியாது. கோணையேந்தலில் இருந்த ஒரே மரத்தை, நிழல் அதில் எந்த இடத்திலிருந்து வருகிறது என்று பார்ப்பதற்காகப் போன வருஷம்தான் வெட்டியிருந்தார்கள்.

வந்து பார்த்தால், பொட்டலில் ஊரே கூடி நிற்கிறது. நடுவில் ஒரு பித்தளைக் கிண்ணம். அவள் புருஷன் உலகாண்டி கைப்பிடியைச் சுற்றச் சுற்ற, கிண்ணம் எழும்பி எழும்பித் தட்டென்று கட்டையில் விழுகிறது.

விஷயம் இதுதான். கோணையேந்தலில் குடிதண்ணீர் கிடையாது. கீழப்பெருவயல் கிணற்றுக்கு நடந்து நடந்து காத்தாயிக்கு வலது முழங்கால் போய்விட்டது. வாசலில் ஒரு குழாய் வந்தால் போதும், வேறு எதுவும் கேட்க மாட்டேன் என்று அவள் வேண்டாத சாமியில்லை. அப்படியிருக்க, மேல்நிலைத் தொட்டி கட்டுவதற்கு மண் பார்க்க இன்ஜினியர் அருள்நேசன் அன்று காலையில் வந்திருந்தார்.

"தொட்டி நிறைஞ்சா பாரம் ஜாஸ்தி. அடியில இருக்கிற மண்ணு எவ்வளவு தண்ணி குடிச்சா குழைஞ்சு ஓடும்னு தெரிஞ்சாகணும்" என்றார் அவர். "மண்ணைச் சலிச்சு, தண்ணி விட்டுக் குழைச்சு, இந்தக் கிண்ணத்துல பூசுங்க. நடுவுல இந்தத் தகட்டால ஒரு வாய்க்கால் கிழிங்க. தட்டத் தட்ட ரெண்டு கரையும் வந்து ஒட்டும். இருபத்தஞ்சாவது தட்டுல ஒட்டுற பதம்தான் கணக்கு. அதுக்கு மேலயும் ஒட்டலைன்னா தண்ணி விடுங்க. இந்த இடத்து மண்ணு தேறினாத்தான் தொட்டி."

அதை அவரே செய்திருக்கலாம். ஆனால் வேறொரு ஊரில் அவர் கட்டிய பாலம் சாய்ந்துகொண்டிருந்தது. பழகி வையுங்கள், வந்துவிடுகிறேன் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

எண்ணும் வேலை வில்லாயுதத்துக்கு. அவனுக்குக் கைவிரல், கால்விரல் எல்லாம் சேர்த்து இருபதுவரை வரும். மிச்ச ஐந்துக்கு ஊர்த்தலைவர் சாத்தப்பன் தன் இடது கையைக் கொடுத்தார்.

தட்டினார்கள். இருவரிடமும் விரல் தீர்ந்துவிட்டது. வாய்க்கால் ஒட்டவில்லை.

"தண்ணி விடணும்" என்றான் உலகாண்டி. எல்லோரும் காத்தாயியின் குடத்தைப் பார்த்தார்கள்.

"உலை வைக்கணுமே" என்றாள் அவள்.

"மண்ணு குடிச்சாத்தானடி நாம குடிக்க முடியும்?"

அவளுக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. குடத்தை இறக்கிக் கொடுத்துவிட்டு, வெறுங்குடத்தோடு திரும்பவும் கீழப்பெருவயலுக்குப் போனாள்.

சாயங்காலம் பதம் கூடி வந்தது. சாத்தப்பனின் சுண்டுவிரல் மடங்கிய அந்தத் தட்டில் இரண்டு கரையும் ஒட்டின. மண் தேறிவிட்டது. எல்லோரும் வேட்டியை உதறிக்கொண்டு கிளம்பும்போது வில்லாயுதத்துக்கு ஒரு சந்தேகம் வந்தது.

"தலைவரே, இந்த மண்ணை எங்கருந்து எடுத்தோம்?"

"அந்தக் குழியிலருந்து."

"தொட்டி எது மேல நிக்கும்?"

"மண்ணு மேலதான். வேற எதுமேல நிக்கும்?"

"எந்த மண்ணு மேல? தேறின மண்ணுதான் கிண்ணத்துல இருக்கே. அங்க கிடக்கிறது பூரா தேறாத மண்ணுல்ல?"

எல்லோரும் போய்க் குழியை எட்டிப் பார்த்தார்கள். கடைசியில் உலகாண்டி, "ஒரு பிடி தேறினா மத்ததும் தேறின மாதிரிதான்னு எடுத்துக்கலாமே" என்றான்.

"எங்க அண்ணன் பத்தாவது பாஸ்" என்றார் சாத்தப்பன். "நான் பாஸா?"

அதற்கு மேல் பேச என்ன இருக்கிறது? பொட்டல் மண் முழுவதையும் சோதிப்பது என்று முடிவாயிற்று.

மறுநாளிலிருந்து தோண்டினார்கள், சலித்தார்கள், குழைத்தார்கள், தட்டினார்கள். தேறின மண்ணைத் தேறாததோடு கலந்துவிடாமல் கிழக்கே தனியாகக் குவித்தார்கள். ஒவ்வொரு பிடிக்கும் தண்ணீர் வேண்டும். ஊர்ப் பெண்கள் சுமந்த தண்ணீரெல்லாம் மண்ணுக்கே போயிற்று. முன்பு ஒரு நடை போனவள் இப்போது நாளெல்லாம் நடந்தாள்.

வீட்டில் கஞ்சி இறுகி, கரண்டி அதில் நிமிர்ந்து நின்றது. ஒருநாள் உலகாண்டி கஞ்சியின் நடுவில் விரலால் கோடு கிழித்து, வட்டிலைத் தரையில் தட்டிப் பார்த்தான்.

"இது தேறலையே காத்தாயி. தண்ணி விடணும்."

"விடலாம். நீ போயி அந்த மண்ணுகிட்டக் கேட்டு வாங்கிட்டு வா."

இன்ஜினியரைப் பாலம் ஐப்பசிவரை விடவில்லை. அவருக்கு முன்னால் மழை வந்தது. விடாமல் பெய்து வெறித்தபோது, ஆளுயரத்துக்கு மேல் தோண்டியிருந்த பொட்டல் முழுக்கத் தண்ணீர் தளும்பி நின்றது. கரையில் நின்று எல்லோரும் கவலையோடு பார்த்தார்கள்.

"மிச்ச மண்ணு கொஞ்சம் அதிகமாக் குடிச்சிருச்சு" என்றார் சாத்தப்பன்.

அப்போதுதான் ஜீப் வந்து நின்றது. அருள்நேசன் இறங்கி, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார்.

"எங்கய்யா இடம்?"

"அந்தா, கிழக்க குவிச்சிருக்கோம் சார். அம்புட்டும் தேறின மண்ணு. நீங்க பயப்படாம மேல ஏறிக் கட்டலாம்" என்றார் சாத்தப்பன்.

"அப்ப இது?"

"இது இன்னும் பாக்க வேண்டிய மண்ணு."

சொன்னதோடு நில்லாமல் செய்தும் காட்டினார்கள். உலகாண்டி அந்தத் தண்ணீரை அள்ளிச் சல்லடையில் ஊற்றினான். ஒரு கல்கூடத் தங்கவில்லை. கிண்ணத்தில் விட்டுத் தகட்டால் வாய்க்கால் கிழித்தான். தகடு வெளியே வருவதற்குள் ஒட்டிக்கொண்டது. பத்து விரலையும் விரித்து வைத்திருந்த வில்லாயுதம் மெல்ல மடக்கிக்கொண்டான்.

"தட்டவே வேணாம் சார்" என்றார் சாத்தப்பன், குரலைத் தாழ்த்தி. "இப்படி ஒத்துமையான மண்ணை நம்ம ஜில்லாவுலயே பாக்க முடியாது."

இன்ஜினியர் கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். பிறகு, "மிச்சத்தையும் பாத்து முடிச்சிட்டுச் சொல்லி விடுங்க" என்று சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறினார். மனுஷன் சோதனையைப் பாதியில் விடாதவர் என்று ஊருக்கு அவர்மேல் மரியாதை கூடிற்று.

காத்தாயி குடத்தோடு கரையில்தான் நின்றாள். தண்ணீர் தெளிந்து காலடியில் கிடந்தது. அவள் குனிந்து, குடத்தை அதில் அமுக்கினாள்.

"காத்தாயி" என்றார் சாத்தப்பன், கோபமில்லாமல். "அது சோதனையில இருக்கிற மண்ணு. மண்ணையா கொண்டுபோய்க் குடிக்கப் போற?"

அவள் அதை யோசித்திருக்கவில்லை. வெட்கமாகப் போய்விட்டது. குடத்திலிருந்ததைச் சொட்டு விடாமல், எடுத்த இடத்திலேயே கவிழ்த்தாள். பிறகு குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு கீழப்பெருவயலுக்குக் கிளம்பினாள். பொட்டல் வழியாக இப்போது குறுக்கே போக முடியாது. குளத்தைச் சுற்றிக்கொண்டு போனாள்.