ஆனைமடுவுக்கு இரண்டு இலை

அந்தக் காலத்தில், மிருகங்கள் பேசினால் நமக்கும் நாம் பேசினால் மிருகங்களுக்கும் புரிந்த அந்தக் காலத்தில், காட்டின் நடுவே ஒரு மருதமரம் இருந்தது. எந்த உயிருக்கு எது தெரியுமோ, அதை அது ஓர் இலையில் எழுதி அந்த மரத்தில் கட்டிவிடும். நாவல் எங்கே பழுக்கும் என்று நரி எழுதியது. எந்தப் புற்றில் யார் இருக்கிறார்கள் என்று கீரி எழுதியது. சிலந்தி ஒவ்வோர் இலையிலிருந்தும் ஒரு நூல் இழுத்து அடிமரத்தில் முடிந்து வைத்தது. இன்று நாம் கைபேசியில் ஒரு பெயரைத் தட்டினால் இணையக் கலைக்களஞ்சியத்தில் அதன் பக்கம் திறக்கிறது இல்லையா, கிட்டத்தட்ட அதுதான். மரத்தடிக்கு வந்து பெயரைச் சொன்னால் போதும். வாசலில் இருப்பவர் நூலை இழுப்பார், இலை இறங்கி வரும். இலையில் சொன்ன இடத்துக்குப் போக, வழியோரச் செடிகளிலும் சிலந்தி ஒரு நூல் ஓட்டியிருந்தது. அதை உரசிக்கொண்டே நடக்கலாம்.

வாசலில் இருந்தது பச்சோந்தி.

அப்போதெல்லாம் பச்சோந்தி காற்றாய் நடக்கும். அதன் இரண்டு கண்ணும் நம் கண்ணைப் போல நேராக முன்னால் பார்க்கும். கேட்டவர் வாய் மூடுவதற்குள் இலையை நீட்டிவிடும். அதில் அதற்குப் பெருமைதான். பெருமைக்கு அடியில் ஒரு பயமும் இருந்தது. வந்தவரை நிற்கவைத்துவிட்டால், "இதுகூடத் தெரியாதா?" என்று யாராவது கேட்டுவிட்டால்? அதனால் கேட்டு வந்தவரிடம் திருப்பிக் கேள்வி கேட்பதில்லை என்று ஒரு வழக்கமே வைத்திருந்தது. வீட்டுக்கு வந்த விருந்தாளியிடம் எதற்கு வந்தீர்கள் என்று கேட்கிற மாதிரி அது என்று சொல்லும்.

ஆனைமடு என்ற பெயரில் காட்டில் இரண்டு நீர்நிலைகள் இருந்தன. மேற்கே இருந்தது பெரியது. அதற்கு யானைதான் இலை எழுதியிருந்தது. "நல்ல ஆழம். கரை அகலம். பயப்பட ஒன்றுமில்லை." அந்த மடுவில் ஒரு முதலை கிடந்தது. யானைக்கு அது எழுதுகிற அளவுக்கு ஒரு விஷயமாகத் தோன்றவில்லை.

வெகுநாள் கழித்து நண்டு இன்னோர் இலை கொண்டுவந்தது. கிழக்கே ஓர் ஆனைமடு இருக்கிறது, முழங்கால் ஆழம், கோடையிலும் வற்றாது, சின்ன உயிர்கள் தாராளமாக இறங்கலாம் என்று எழுதியிருந்தது. இனிமேல் யாராவது வெறுமனே ஆனைமடு என்று கேட்டால் எந்த நூலை இழுப்பது என்று சிலந்தி கேட்டது. பச்சோந்தி ஒரு வழி சொன்னது. ஒரு மாதம் பார்ப்போம். எந்தப் பக்கத்து வழியோர நூல் அதிகம் ஆடுகிறதோ, அந்தப் பக்கம்தான் காடு கேட்கிற ஆனைமடு. அதுவரைக்கும், முதலில் வந்த இலை என்பதால், மேற்கையே கொடுப்போம்.

மாதம் முடிந்தது. போகிற நடையை மட்டும் எண்ணினால், மேற்கு நூல் தொள்ளாயிரம் தடவை ஆடியிருந்தது. பெயரோடு கிழக்கு என்றும் சேர்த்துக் கேட்டவர்களால், கிழக்கு நூல் பன்னிரண்டு தடவை. இனி இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று பச்சோந்தி நிம்மதியாக உட்கார்ந்துகொண்டது.

அந்த வருடம் வெயில் கொளுத்தியது. ஒருநாள் காலையில் ஓர் ஆமை மரத்தடிக்கு வந்தது. பின்னால் வரிசையாக ஆறு குட்டிகள். இருந்த குட்டை சேறாகி, சேறும் வெடித்துவிட்டதாம். ஒரு நடைக்குத்தான் உடம்பில் தெம்பு இருக்கிறது என்றது ஆமை. குட்டிகளை இறக்க ஓர் இடம் வேண்டும், ஆனைமடு நல்ல இடம் என்று யாரோ சொன்னார்கள் என்றது. சொல்லி முடிப்பதற்குள் மேற்கு இலை அதன் முன்னால் இருந்தது. பயப்பட ஒன்றுமில்லை என்று படித்ததும் ஆமையின் முகம் தெளிந்தது. நன்றி சொல்லிவிட்டுக் குட்டிகளைத் திருப்பி நடத்திக்கொண்டு போனது.

உச்சி வெயில் ஏறும் நேரம் சிலந்தி கிளையிலிருந்து இறங்கி வந்தது.

"கொழுந்தனாரே, ஒண்ணு சொன்னா கோவிச்சுக்கக் கூடாது. இப்ப மேற்கே போச்சே, அந்தச் சின்ன நடை. அதே மாதிரி நடை நெறைய போயிருக்கு. போறப்ப நூல் ஆடும். யானை திரும்பி வர்றப்பவும் ஆடும், எருமை வந்தாலும் ஆடும். இந்தச் சின்னக் காலுங்க திரும்பி வந்து நூல் ஆடுனதே இல்ல."

"வேற வழியா வீட்டுக்குப் போயிருக்கும், மதினி."

"எல்லாருமா?"

பச்சோந்தி தன் கணக்கை எடுத்தது. தொள்ளாயிரம் பேர் மேற்கே போயிருக்கிறார்கள், நானே எண்ணினேன் என்றது.

"போனாங்களா, நீங்க அனுப்புனீங்களா? நூலை ஆட்டுனதும் நீங்க, எண்ணுனதும் நீங்க."

"ஒருத்தர்கூட வந்து குறை சொல்லலையே."

சிலந்தி மேற்கு நூலை ஒரு காலால் தொட்டுப் பார்த்தது. பிறகு மெதுவாகச் சொன்னது. "குறை சொல்ல ஆள் திரும்பி வரணுமே."

பச்சோந்தியின் பச்சை உடம்பு சாம்பலாய் வெளுத்தது. அடுத்த மூச்சில் அது மேற்கே ஓடிக்கொண்டிருந்தது.

ஆமை நடைதானே, எட்டிப் பிடித்துவிடலாம் என்று முதலில் நினைத்தது. ஆனால் ஆமை கிளம்பியது காலையில். இப்போது நிழல் காலடியில் கிடக்கிறது. எவ்வளவு ஓடியும் முன்னால் யாரும் தென்படவில்லை. கடைசியில் ஒரு வழுக்குப்பாறை வந்தது. பாறையில் நூல் ஒட்டாது என்பதால் சிலந்தியின் நூல் அங்கேயே முடிந்திருந்தது. பாறைக்கு அப்பால் மடுவுக்கு இரண்டு வழி. ஒன்று யானைகள் போகிற அகலத் தடம். மற்றது வறண்ட ஓடைக்குள் இறங்கிப் போவது. இரண்டும் போய்ச் சேர்வது மடுவின் எதிரெதிர்க் கரைகளில். எந்த வழியில் போனது ஆமை? பாறையில் கால்தடம் எங்கே பதியும்?

பச்சோந்தி வலது காலை அகலத் தடத்தில் வைத்தது. ஓடையில் போயிருந்தால்? காலை எடுத்துக்கொண்டது. ஓடைப் பக்கம் வைத்தது. தடத்தில் போயிருந்தால்? மறுபடியும் எடுத்துக்கொண்டது. ஒன்றைப் பார்க்கும்போது மற்றதில் ஆறு குட்டிகளும் தண்ணீரில் இறங்குவது போல இருந்தது. ஒரு கண் தடத்தை விட்டு நகர மறுத்தது, இன்னொரு கண் ஓடையை விட்டு நகர மறுத்தது. இழுத்த இழுப்பில் இரண்டும் தனித்தனியாகப் பிரிந்து ஆளுக்கொரு பக்கம் திரும்பிக்கொண்டன.

அப்போதுதான் பச்சோந்தி தன் வாழ்நாளில் முதல் தடவையாக ஒரு கேள்வி கேட்டது.

"அக்கா, எந்தப் பக்கம் போனீங்க?"

பதில் இல்லை. மறுபடியும் கேட்டது. தொண்டை கட்டும்வரை கேட்டது. ஓடைக்குள்ளிருந்து ஒரு சின்னக் குரல் வந்தது. "இங்கே இருக்கோம்."

ஓடையின் வாயில், மடுவின் கரைக்கு இருபது அடி முன்னால், ஆமை நின்றுகொண்டிருந்தது. பச்சோந்தி குறுக்கே விழுந்து மறித்தது. கிழக்கு ஆனைமடுவையும், மேற்கே போன சின்னக் கால்கள் திரும்பி வராததையும் திக்கித் திணறிச் சொன்னது. ஆமை திரும்பிக் குட்டிகளை எண்ணியது. ஐந்து. மறுபடியும் எண்ணியது.

எல்லாருக்கும் மூத்தது, வேகமாக நடக்கிற குட்டி, தண்ணீரைப் பார்த்ததும் முன்னால் ஓடியிருந்தது. மடுவில் ஒரு வளையம் பெரிதாகி, பெரிதாகி, கரையைத் தொட்டு அடங்கியது. நடுவில் மரக்கட்டை போல ஏதோ ஒன்று அசையாமல் மிதந்தது.

ஆமை அழவில்லை. பச்சோந்தியின் முகத்தை வெகுநேரம் பார்த்தது.

"உனக்குத் தெரியும்னு நெனச்சேன் தம்பி. நீ அவ்வளவு வேகமா சொன்னே."

மேற்கே போயும் உயிரோடு இருந்து குறை சொன்ன முதல் சின்ன உயிர் அந்த ஆமைதான். சொன்னது அவ்வளவுதான். ஐந்து குட்டிகளையும் பச்சோந்தி தன் முதுகில் ஏற்றிக்கொண்டு, ஆமைக்குத் தெம்பு வரும்வரை நிழல் நிழலாக உட்கார்ந்து உட்கார்ந்து, மூன்று நாள் நடந்து கிழக்கு மடுவில் கொண்டுபோய் விட்டது.

திரும்பி வந்ததும் சிலந்தியிடம் ஒரு புது நூல் கேட்டு வாங்கியது. ஒரு சின்ன இலையில் இரண்டு ஆனைமடுவையும் ஒன்றின்கீழ் ஒன்றாக எழுதி, எது எந்தப் பக்கம், எது யாருக்கு ஆகும் என்று ஒவ்வொரு வரி சேர்த்து, வாசலிலேயே தொங்கவிட்டது. யானைக் கூட்டம் சலித்துக்கொண்டது. எங்களுக்கு எது வேண்டும் என்று ஊருக்கே தெரியும், இதற்கொரு இலை, அதைப் படிக்க ஒரு நிற்றல் என்றது. பச்சோந்தி தலையைக் குனிந்துகொண்டு, "எந்த ஆனைமடு, அண்ணே?" என்று கேட்டது. அடுத்து வந்த எலியிடமும் அதையேதான் கேட்டது.

பிரிந்த கண்கள் பிறகு சேரவே இல்லை.

அந்த நாள் தொட்டுத்தான் பச்சோந்தி ஒரு கண்ணால் ஒரு வழியையும் மறு கண்ணால் மறு வழியையும் பார்த்தபடி, வைத்த காலை எடுத்து, எடுத்த காலை வைத்து நடக்கிறது. அந்த மருதமரம் போய் இணையக் கலைக்களஞ்சியம் வந்த பிறகும், ஒரே பெயரில் பல இருந்தால், நம்மை எங்கேயும் கொண்டுபோய் விடாமல், எது வேண்டும் என்று கேட்டுக்கொண்டு ஒரு சின்னப் பக்கம் வாசலிலேயே நிற்பதும் அதனால்தான்.