கோட்டைச் சாவி விழுந்த இடம்

மேகாலி என்றொரு குட்டி நாடு. வரைபடத்தில் கட்டைவிரலை வைத்தால் மறைந்துபோகும். பக்கத்துப் பெரிய நாடு அதை விழுங்கி ஏப்பம் விட்டு இரண்டு தலைமுறை ஆகிவிட்டது. அந்தக் கதையைப் படமாக எடுத்தே தீருவேன் என்று ஐம்பது வயதுக்குமேல் மேகாலியிலிருந்து கிளம்பிவந்தார் சாத்தையா. ஆவணப்படம் எடுக்கக் கற்றுக்கொடுத்த நங்கை அவரைவிட வயதில் சின்னவர். டீச்சர் என்று கூப்பிடுவதில் சாத்தையாவுக்கு எந்தக் கௌரவக் குறைச்சலும் இல்லை.

படம் முடியப்போகிற நேரத்தில் ஒரு காட்சியில் வந்து மாட்டிக்கொண்டார். வென்றவர்கள் எடுத்த பழைய செய்திப்படத் துண்டு அது. மேகாலி அரசியின் கையிலிருந்து கோட்டைச் சாவி கீழே விழுகிறது. அடுத்த காட்சியில் சாவி எதிரித் தளபதியின் கையில் இருக்கிறது. அவன் சிரிக்கிறான். ‘அச்சத்தில் அரசியின் கை நடுங்கியது’ என்கிறது பின்னணிக் குரல். பள்ளிக்கூடத்திலும் சாத்தையாவுக்கு அப்படித்தான் சொல்லிக்கொடுத்திருந்தார்கள்.

“இதைத் தூக்கிரலாம் டீச்சர். எங்க ஊரே உக்காந்து பாக்கப்போகுது. மானம் போயிரும்.”

“தூக்கினா இது உங்க படமில்ல அண்ணாச்சி. மிச்சத்தை நானே முடிச்சுக்கிறேன். சுருளைக் கொடுங்க.”

நங்கை கையை நீட்டினார்.

சாத்தையாவுக்குச் சுருக்கென்றது. சோறு தண்ணி பார்க்காமல் அலைந்து எடுத்த படம். சுருள் டப்பாவை எடுத்தார். நீட்டிய கையில் வைக்காமல் டங்கென்று தரையில் போட்டார்.

“கையைத்தானே நீட்டினேன்?”

“மனசாரக் குடுக்கிறதைத்தான் எங்க ஊர்ல கையில குடுப்போம். பிடுங்குறவங்களுக்குக் கீழ போட்டுருவோம். வேணும்னா குனிஞ்சு எடுத்துக்கட்டும்.”

நங்கை குனிந்து எடுத்தார். இரண்டு கையாலும் அதை அவரிடமே கொடுத்தார். பிறகு அந்தச் செய்திப்படத் துண்டை மறுபடி ஓடவிட்டார்.

சாவி விழுந்தது.

சாத்தையா எழுந்து நின்றுவிட்டார். அரசியின் கை நடுங்கவே இல்லை. விரல்களை அவளே விரித்திருந்தாள். அவருக்குப் பெருமையில் நெஞ்சு விம்மியது, கூடவே ஆத்திரமும் வந்தது.

“தளபதி குனிஞ்சதை வெட்டிட்டானுங்களே டீச்சர்! இல்லாததை எப்படிக் காட்டுறது?”

“சாவி விழுந்ததும் திரையைக் கொஞ்ச நேரம் இருட்டா விடுங்க அண்ணாச்சி. அந்த இருட்டுல உங்க ஊர்க்காரங்களே அவனைக் குனிய வச்சிருவாங்க.”